புகழ் யார் கையில் இருக்கிறது? டச்சு ஓவியர்களும் பண்டைய வரலாற்றாசிரியர்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

17ஆம் நூற்றாண்டு டச்சு ஓவியர்களையும் பண்டைய கிரேக்க வரலாற்றாசிரியர்களையும் ஒன்றாக வைத்துப் பேசுவது பொருந்துமா?

பொருந்தும். இரு சாராருக்கும் இடையே இரண்டாயிரம் ஆண்டுகள் இருந்தாலும், அவர்களுடைய பெயர் நம்மிடம் வந்து சேர்ந்த வழி ஏறக்குறைய ஒன்றுதான். ஓர் ஓவியத்தைப் பார்த்ததும் ஆய்வாளர் முதலில் கேட்பது "இதை வரைந்தது யார்?" என்பது. ஒரு பழைய வரலாற்று நூலை எடுத்ததும் அவர் கேட்பது "இந்தச் செய்தி இவருக்கு எங்கிருந்து கிடைத்தது?" என்பது. எது யாருடையது என்று பிரித்தறியும் வேலைதான் இரண்டும். அப்படிப் பிரித்துப் பட்டியல் போடுகிறவரும் பதிப்பைக் கொண்டுவருகிறவரும் ஒருவருடைய புகழை ஏற்றும்போது, பெரும்பாலும் வேறொருவருடையதை இறக்கவும் செய்கிறார்கள். ஓவியத்தில் ஒரு கோடு மாறுவதில்லை, நூலில் ஓர் எழுத்து மாறுவதில்லை. ஆனாலும் அவற்றின் மதிப்பு மாறிவிடுகிறது.

வெர்மீர் இருநூறு ஆண்டுகள் மறக்கப்பட்டிருந்தார் என்கிறார்களே, உண்மையா?

பாதி உண்மை. டெல்ஃப்ட் நகரத்து யோஹானஸ் வெர்மீர் 1632இல் பிறந்து 1675இல் இறந்தார். 1696இல் ஆம்ஸ்டர்டாமில் நடந்த ஓர் ஏலத்தில் அவருடைய ஓவியங்கள் 21 விற்பனைக்கு வந்தன. 1719இல் மற்றோர் ஏலத்தில் பால் ஊற்றும் பணிப்பெண்ணின் படத்தைப் 'புகழ்பெற்ற' படம் என்றே குறித்திருந்தார்கள். எனவே அவரைச் சேகரிப்பாளர்கள் அறவே மறந்துவிடவில்லை. ஆனால் டச்சு ஓவியர்களின் வாழ்க்கை வரலாறுகளைத் திரட்டி ஆர்னோல்ட் ஹவ்பிராக்கன் 1718 முதல் 1721 வரை மூன்று தொகுதிகளாக வெளியிட்ட நூலில் வெர்மீருக்குத் தனிப் பகுதி கிடைக்கவில்லை. அடுத்த தலைமுறையினர் ஓவியர்களைப் பற்றி அறிந்துகொண்டது பெரும்பாலும் அந்த நூலிலிருந்துதான். அதில் இடம் இல்லாதவருக்கு நினைவிலும் இடம் குறைந்தது.

அதன் விளைவு விசித்திரமானது. வெர்மீரின் படங்கள் அழியாமல், பிறருடைய பெயரில் வாழ்ந்தன. சன்னலருகே நின்று கடிதம் படிக்கும் இளம்பெண்ணின் படம் 1742இல் ஜெர்மன் நகரமான டிரெஸ்டனுக்கு ரெம்பிராண்டின் படமாக வந்து சேர்ந்தது. இன்று வியன்னாவில் இருக்கும், ஓவியக் கலையையே பொருளாகக் கொண்ட அவருடைய பெரும்படைப்பு, 1813இல் மற்றொரு டச்சு ஓவியரான பீட்டர் டே ஹோக்கின் படமாக வாங்கப்பட்டது. அது வெர்மீருடையது என்று 1860இல்தான் ஜெர்மன் கலை ஆய்வாளர் குஸ்டாவ் வாகன் அடையாளம் கண்டார்.

புகழ் திரும்பியதற்குப் பெரிய காரணம் தியோஃபில் தோரே என்ற பிரெஞ்சு எழுத்தாளர். அரசியல் காரணங்களுக்காக நாட்டை விட்டு வெளியேறி வாழ்ந்த இவர், வில்லியம் பர்கர் என்ற புனைபெயரில் 1866இல் வெர்மீரைப் பற்றி நீண்ட கட்டுரைகளை எழுதி, அவருடைய படைப்புகளுக்கு ஒரு பட்டியலும் தந்தார். அதில் 70க்கும் மேற்பட்ட படங்கள் இருந்தன. இன்று வெர்மீருடையவை என்று ஏற்கப்படுபவை 40க்கும் குறைவு. அதாவது வெர்மீரை நமக்குத் திருப்பித் தந்த அதே பட்டியல், மற்றவர்களின் படங்களையும் அவர் கணக்கில் ஏராளமாக எழுதிவிட்டது. தோரே சில வெர்மீர் படங்களைத் தாமே வாங்கி வைத்திருந்தார் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். அவருடைய அன்பு உண்மையானது என்றே நான் நம்புகிறேன். ஆனால் அந்த அன்புக்குச் சந்தை மதிப்பும் இருந்தது.

அந்தக் கட்டுரைகள் வெளிவந்த மறுநாளே உலகம் மாறிவிடவும் இல்லை. பதினைந்து ஆண்டுகள் கழித்து, 1881இல் ஹேக் நகரத்து ஏலம் ஒன்றில், முத்துக் காதணி அணிந்த பெண்ணின் படம் அழுக்கேறிய நிலையில் 2 கில்டர் (அன்றைய டச்சு நாணயம்) 30 சென்டுக்குப் போயிற்று.

ஆவணக் காப்பகத்தில் செய்யும் ஆய்வு ஓர் ஓவியரின் புகழை மாற்றுமா?

மாற்றும், ஆனால் வேறு விதத்தில். தோரேயின் வெர்மீர் ஒரு புதிர். புதிர் போடும் கிரேக்கப் புராண உருவமான ஸ்பிங்க்ஸை நினைத்து, அவரை 'டெல்ஃப்டின் ஸ்பிங்க்ஸ்' என்று தோரே அழைத்தார். ஜான் மைக்கேல் மாந்தியாஸ் என்ற பொருளாதார அறிஞர், டெல்ஃப்ட் காப்பகத்தில் இருந்த பத்திரங்களை ஆண்டுக்கணக்கில் படித்து, 1989இல் வெளியிட்ட ஆய்வில் அந்தப் புதிரைப் பெருமளவு கலைத்தார். வெர்மீருக்கு டெல்ஃப்டிலேயே பீட்டர் வான் ரைவன் என்ற புரவலர் இருந்தார். வெர்மீரின் படங்களில் பெரும்பகுதி அந்த ஒரு குடும்பத்துக்கே போனது. ஊருக்கு வெளியே பெயர் பரவாததற்கு இது எளிய விளக்கம்.

அந்தப் பத்திரங்களில் ஒன்று என் மனத்தை விட்டு அகலுவதில்லை. வெர்மீர் இறந்த சில வாரங்களில், 1676 ஜனவரியில், அவருடைய மனைவி கேத்தரினா போல்னஸ் ஹென்ட்ரிக் வான் பைட்டன் என்ற ரொட்டிக் கடைக்காரருக்கு இரண்டு ஓவியங்களைக் கொடுக்கிறார். கடன் 617 கில்டர். வீட்டில் பிள்ளைகள் நிறைய. பிரான்சுடன் 1672இல் தொடங்கிய போரில் ஓவிய வணிகம் படுத்துவிட்டது. ரொட்டிக் கணக்கு இவ்வளவு ஏறியிருந்தது என்பதைப் படித்த பிறகு, தனிமையில் தவம் செய்த மேதை என்ற படிமம் நிற்பதில்லை. அந்த இடத்தில், கடன் சொல்லி ரொட்டி வாங்கிய ஒரு குடும்பத் தலைவர் வந்து நிற்கிறார். புகழ் குறையவில்லை, அது மனித அளவுக்கு வந்துவிட்டது.

ஒரே படம், வரைந்தவரின் பெயர் மாறியதும் மதிப்பு குறைவது ஏன்?

இந்தக் கேள்விக்கு ஜூடித் லெய்ஸ்டரின் கதையை விடச் சிறந்த விடை இல்லை. ஹார்லெம் நகரத்தில் 1609இல் பிறந்த லெய்ஸ்டர், 1633இல் அந்நகரத்து ஓவியர் சங்கத்தில் தேர்ந்த ஓவியராகச் சேர்ந்தவர். பெண்களுக்கு அரிதாகவே கிடைத்த இடம் அது. 1636இல் யான் மீன்ஸ மோலனாரை மணந்தார். மோலனாரும் ஓவியர். திருமணத்துக்குப் பிறகு லெய்ஸ்டர் வரைந்தது மிகக் குறைவாகவே கிடைக்கிறது. 1660இல் இறந்தார். வாழ்ந்த காலத்தில் ஹார்லெம் நகர வரலாற்றை எழுதியவர்கள் அவரைப் பாராட்டியிருக்கிறார்கள். இறந்த பிறகு அவருடைய படங்கள் ஹார்லெமின் புகழ்பெற்ற ஓவியர் பிரான்ஸ் ஹால்ஸின் பெயரிலும் கணவரின் பெயரிலும் கைமாறின.

அவருடைய கையொப்பத்தைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். ஜே, எல் என்ற இரண்டு எழுத்துகளைப் பின்னி, பக்கத்தில் ஒரு விண்மீனை வரைவார். அவருடைய குடும்பப் பெயருக்கு வழிகாட்டும் விண்மீன் என்று பொருள், பெயரே சித்திரமாகிவிட்டது. 1890களின் தொடக்கத்தில் இங்கிலாந்தில், ஹால்ஸ் வரைந்ததாக விற்கப்பட்ட ஒரு படத்தில் இந்த விண்மீன் கண்ணில் பட்டது. வாங்கியவர் வழக்குத் தொடர்ந்தார். 1893இல் விலையைக் குறைத்துக்கொண்டு சமரசம் ஆனார்கள். அதே ஆண்டு கார்னெலிஸ் ஹோஃப்ஸ்டேட டே ஹ்ரோட் என்ற ஆய்வாளர், இந்தக் கையொப்பத்தை லெய்ஸ்டருடையது என்று நிறுவி, ஏழு படங்களை அவருக்கு உரியவையாக அறிவித்தார்.

இதில் என்னை உறுத்துவது இதுதான்: அந்த நீதிமன்றத்தில் இரு தரப்பினரும் தங்களுக்குக் கிடைத்த இழப்பைப் பற்றியே பேசினார்கள். மறைந்துபோன ஓர் ஓவியர் கிடைத்தார் என்று மகிழ்ந்தவர் அங்கே எவரும் இல்லை. ஹால்ஸின் பெயரில் இருந்தவரை அந்தத் தூரிகை வீச்சு மேதைமை. லெய்ஸ்டரின் பெயருக்கு வந்ததும் அது 'ஹால்ஸைப் பின்பற்றியவரின் கை'. லெய்ஸ்டருக்கென்று ஒரு பெரிய கண்காட்சி நடைபெற மேலும் நூறு ஆண்டுகள், 1993 வரை, ஆயின.

ரெம்பிராண்டின் ஓவியங்கள் எத்தனை என்று ஏன் ஒரே எண்ணைச் சொல்ல முடிவதில்லை?

எண்ணுகிறவர்களின் அளவுகோல் மாறிக்கொண்டே வந்ததுதான் காரணம். 1935இல் டச்சுக் கலை வரலாற்றாசிரியர் ஆபிரகாம் பிரெடியஸ் 600க்கும் மேற்பட்ட படங்களைத் தம் பட்டியலில் சேர்த்தார். 1960களின் இறுதியில் ஹார்ஸ்ட் கெர்சன் அதை ஏறத்தாழ 420ஆகக் குறைத்தார். 1968இல் டச்சு அறிஞர்கள் சிலர் சேர்ந்து ரெம்பிராண்ட் ஆய்வுத் திட்டத்தைத் தொடங்கினார்கள். உலகெங்கும் சென்று படங்களை நேரில் பார்த்து, 'அ' ஏற்கத்தக்கது, 'ஆ' முடிவு செய்ய இயலாதது, 'இ' ஏற்க இயலாதது என்று மூன்று வகையாகப் பிரித்தார்கள். பெர்லினில் மக்கள் திரண்டு வந்து பார்த்த, பொன் தலைக்கவசம் அணிந்த மனிதனின் படம் 1980களின் நடுவில் ரெம்பிராண்டின் கையை விட்டுப் போனது.

குழுவில் ஒற்றுமை நீடிக்கவில்லை. 1993இல் மூத்த உறுப்பினர்கள் நால்வர் விலக, எர்ன்ஸ்ட் வான் டே வெட்டரிங் வேலையைத் தொடர்ந்தார். மூன்று வகை என்ற பிரிவையே அவர் கைவிட்டார். பட்டறையில் ஆசிரியரும் மாணவர்களும் கலந்து வேலை செய்த காலத்தில், வரையும் பாணியை மட்டும் வைத்து ஒரு படத்தைத் தள்ளிவிட முடியாது என்பது அவர் வாதம். 2014இல் வெளிவந்த இறுதித் தொகுதியில் அவர் ஏற்றுக்கொண்டவை ஏறத்தாழ 340. முன்பு தள்ளப்பட்டவற்றில் பல திரும்பி வந்தன. அரை நூற்றாண்டு உழைப்புக்குப் பிறகும் அதை ஒருவருடைய தீர்ப்பு என்றுதான் சொல்ல முடியும், எவ்வளவு மதிக்கத்தக்க தீர்ப்பாக இருந்தாலும்.

அறிஞர்களே ஏமாந்தது உண்டா?

உண்டு. மேலே சொன்ன பிரெடியஸ்தான் அதற்கு உதாரணம். 1937இல், தம் 82ஆம் வயதில், எம்மாவுஸ் ஊரில் சீடர்களோடு உணவருந்தும் கிறிஸ்துவின் படம் ஒன்றை வெர்மீரின் தலைசிறந்த படைப்பு என்று அவர் அறிவித்தார். ராட்டர்டாம் நகரத்து அருங்காட்சியகம் அதைப் பெருந்தொகைக்குப் பெற்றது. வரைந்தவர் ஹான் வான் மேஹரன் என்ற சமகாலத்தவர். வண்ணத்தைப் பேக்கலைட் என்ற செயற்கைப் பிசினோடு கலந்து அடுப்பில் சுட்டு, முந்நூறு ஆண்டுப் பழமையை வரவழைத்திருந்தார்.

அவருடைய தந்திரம் வண்ணத்தில் மட்டும் இல்லை. வெர்மீர் இளமையில் இத்தாலியப் பாணியில் சமயப் படங்கள் வரைந்திருக்க வேண்டும், அவற்றில் ஒன்றிரண்டு இன்னும் கிடைக்கவில்லை என்று அறிஞர்கள் எதிர்பார்த்திருந்தார்கள். அந்த எதிர்பார்ப்பை அவர் படமாக வரைந்து கொடுத்தார். 1945இல், நாஜித் தலைவர் கோரிங்குக்கு ஒரு 'வெர்மீரை' விற்ற குற்றத்துக்காகக் கைதானபோது, தேசத்துரோகப் பழியிலிருந்து தப்பிக்கத் தாமே உண்மையை ஒப்புக்கொண்டார்.

இன்றைய அறிவியல் சோதனைகள் சந்தேகத்தைத் தீர்த்துவிடாதா?

சிலவற்றைத் தீர்க்கும். ஓக் பலகையின் மர வளையங்களை எண்ணி மரம் வெட்டப்பட்ட காலத்தை மதிப்பிடலாம். துணியின் இழைகளை எண்ணி இரண்டு படங்கள் ஒரே சுருளிலிருந்து வந்தனவா என்று பார்க்கலாம். ஆனால் கடைசி வார்த்தை மனிதருடையதுதான். வாஷிங்டனில் உள்ள தேசியக் கலைக்கூடத்தின் 'குழலேந்திய பெண்' என்ற சிறு படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். வெர்மீர் அடிப்பூச்சில் கரடுமுரடான வண்ணத்தூளையும் மேற்பூச்சில் நயமாக அரைத்த தூளையும் பயன்படுத்துவார். இந்தப் படத்திலோ மேற்பூச்சும் கரடாக இருக்கிறது. அதனால் 2022இல் அக்கலைக்கூடம் அது வெர்மீருடையது அல்ல என்று அறிவித்தது. 2023இல் ஆம்ஸ்டர்டாமின் ரைக்ஸ் அருங்காட்சியகம் 28 படங்களோடு நடத்திய பெரும் கண்காட்சியில், அதே படம் வெர்மீருடையதாகவே தொங்கியது. நுண்ணோக்கி காட்டிய தரவு ஒன்று, தீர்ப்புகள் இரண்டு.

ஹெரொடோட்டஸ் வரலாற்றின் தந்தையா, பொய்களின் தந்தையா?

கி.மு. 5ஆம் நூற்றாண்டுக் கிரேக்கரான ஹெரொடோட்டஸைப் பற்றிய இந்த இரண்டு கருத்துகளும் பழமையானவை. வரலாற்றின் தந்தை என்று அவரை அழைத்த ரோமானியப் பேச்சாளர் சிசரோ, அதே வாக்கியத்தில் அவரிடம் எண்ணற்ற கட்டுக்கதைகள் உள்ளன என்றும் சொல்கிறார். புளூட்டார்க்கின் பெயரில் வழங்கும் ஒரு நூல் முழுவதும் ஹெரொடோட்டஸின் கெட்ட எண்ணத்தைப் பற்றியது. 16ஆம் நூற்றாண்டில், அமெரிக்காவிலிருந்து வந்த பயணச் செய்திகள் மனித வழக்கங்கள் எவ்வளவு விதவிதமானவை என்று ஐரோப்பாவுக்குக் காட்டிய காலத்தில், அவர் சொன்னவை நம்பத்தக்கவையாகத் தோன்றத் தொடங்கின. 1566இல் ஹென்ரி எஸ்தியென் அவருக்காக வாதாடி எழுதினார். 19ஆம் நூற்றாண்டில், அரசியலும் போரும்தான் வரலாறு என்று ஜெர்மன் பல்கலைக்கழகங்கள் வரையறுத்தபோது, ஏதென்ஸ், ஸ்பார்ட்டா போரைப் பற்றி எழுதிய துசிடிடிஸ் மேலே போனார், ஹெரொடோட்டஸ் சுவையான கதைசொல்லியானார். மக்களின் உணவு, உடை, சடங்கு ஆகியவையும் வரலாறே என்று 20ஆம் நூற்றாண்டு ஏற்றபோது அவர் மீண்டும் எழுந்தார். நடுவே 1971இல் டெட்லெவ் ஃபேலிங், ஹெரொடோட்டஸ் சுட்டும் சான்றாளர்கள் பலர் கற்பனை என்று வாதிட்டு, பெரும் சர்ச்சையைக் கிளப்பினார்.

எகிப்தில் நைல் நதியில் ஓடிய 'பாரிஸ்' என்ற சரக்குப் படகைப் பற்றி ஹெரொடோட்டஸ் எழுதியிருப்பது நல்ல எடுத்துக்காட்டு. வேல மர வகையிலிருந்து இரண்டு முழ நீளத்தில் துண்டுகள் வெட்டி, செங்கல் அடுக்குவதுபோல் அடுக்கி, நீண்ட முளைகளால் கோத்து, இடுக்குகளை உள்ளிருந்து பாப்பிரஸால் அடைப்பார்கள் என்கிறார். அப்படி ஒரு படகு எவருக்கும் கிடைக்காததால், விவரணை நெடுங்காலம் சந்தேகத்தில் கிடந்தது. அலெக்சாந்திரியாவுக்கு அருகே, கடலில் மூழ்கிய தோனிஸ்-ஹெராக்ளியோன் துறைமுகத்தில் கிடைத்த படகுகளில் 17ஆம் எண் இடப்பட்டது, அவர் சொன்ன முறையிலேயே பெரும்பாலும் கட்டப்பட்டிருந்ததை 2019இல் வெளியான ஆய்வு காட்டியது. ஹெரொடோட்டஸ் வேறோரிடத்தில் சொல்லும், நாய்க்கும் நரிக்கும் இடைப்பட்ட பருமனில் பொன் தோண்டும் இந்திய எறும்புகள் இதனால் மெய்யாகிவிடவில்லை. படகை அவர் உற்றுப் பார்த்திருக்கிறார், அல்லது பார்த்தவரிடம் சரியாகக் கேட்டிருக்கிறார் என்பது மட்டும் உறுதி.

குப்பைமேட்டில் கிடைத்த ஒரு சுவடி யாருடைய புகழையாவது கவிழ்த்ததுண்டா?

கிரேக்க வரலாற்றாசிரியர் செனபோனுடையதை. கி.மு. 4ஆம் நூற்றாண்டின் தொடக்கத்துக்கு நெடுங்காலம் முதன்மைச் சான்று அவர்தான். அந்நிகழ்ச்சிகளை முந்நூறு ஆண்டுகள் கழித்து எழுதிய சிசிலியின் டியோடோரஸை 19ஆம் நூற்றாண்டு ஜெர்மன் அறிஞர்கள் பொருட்படுத்தவில்லை. முன்னோர் நூல்களை வெட்டி ஒட்டியவர், சுயபுத்தி இல்லாதவர் என்பது அவர்களுடைய முடிவு. செனபோனும் டியோடோரஸும் முரண்பட்டால், தவறு டியோடோரஸுடையது.

1906இல் எகிப்தின் ஆக்ஸிரிங்கஸ் என்ற ஊரின் பழைய குப்பைமேடுகளில், பெயர் தெரியாத ஒரு வரலாற்றாசிரியரின் நூற்பகுதி பாப்பிரஸில் கிடைத்து, 1908இல் அச்சேறியது. அதில் கி.மு. 396, 395ஆம் ஆண்டு நிகழ்ச்சிகள் உள்ளன. நடுக் கிரேக்கத்தின் பியோஷியக் கூட்டாட்சி 11 பிரிவுகளாக அமைந்தது, ஒவ்வொரு பிரிவும் மன்றத்துக்கு 60 பேரை அனுப்பியது, ஏறத்தாழ 1,000 காலாட்படையினரையும் 100 குதிரைவீரர்களையும் தந்தது என்ற விவரம் வேறு எங்கும் இல்லாதது. ஆசியா மைனரில் சார்டிஸ் நகரத்தின் அருகே நடந்த போரில் ஸ்பார்ட்டர்கள் மறைந்திருந்து தாக்கியதாக இந்தச் சுவடி கூறுகிறது. டியோடோரஸும் அதையே கூறுகிறார்; செனபோன் அப்படிச் சொல்லவில்லை.

அன்றிலிருந்து செனபோன் ஸ்பார்ட்டாவின் நண்பர், வேண்டாததை விட்டுவிடுபவர் என்ற பெயரைச் சுமக்கிறார். டியோடோரஸின் ஒட்டுவேலையோ ஒரு நல்ல மூலத்தைக் காத்துத் தந்த பெட்டகமாயிற்று. பின்னர் வந்த ஆய்வாளர்கள் சிலர் செனபோனின் போர் விவரணைக்காக வாதாடினார்கள். 1990இல் கென்னத் சாக்ஸ், டியோடோரஸுக்கும் தமக்கென ஒரு நோக்கு உண்டு என்று காட்டினார். முட்டாள் நகலெடுப்பாளர் என்ற பட்டத்தை நூறு ஆண்டுகள் ஒருவர் மீது சுமத்தி வைத்திருந்தது, ஆய்வுலகம் வெட்கப்பட வேண்டிய செயல் என்றே நான் கருதுகிறேன்.

நூலே கிடைக்காதவர்களின் பெயர் எதை வைத்து நிற்கிறது?

மேற்கோள்களை வைத்து. அவற்றில் பல பகைவர்களுடையவை. சிசிலியிலும் இத்தாலியிலும் வாழ்ந்த மேற்குக் கிரேக்கர்களின் வரலாற்றை விரிவாக எழுதிய டிமேயஸின் நூல் அழிந்துவிட்டது. அவரைப் பற்றி நாம் அறிவதில் பெரும்பகுதி, அவரைக் கண்டிப்பதற்கென்றே பின்வந்த கிரேக்க வரலாற்றாசிரியர் பொலிபியஸ் எழுதிய 12ஆம் புத்தகத்திலிருந்து வருகிறது: ஐம்பது ஆண்டுகள் ஏதென்ஸில் நூலகத்தில் உட்கார்ந்திருந்தவர், போரையே காணாதவர் என்று. பகைவர் மேற்கோள் காட்டாவிட்டால் உணவுப் பிரியர் காட்டுவார். அத்தினேயஸ் என்பவர் விருந்துப் பேச்சாக ஒரு பெருநூலைத் தொகுத்தபோது, ஃபிலார்க்கஸ், டூரிஸ் போன்ற வரலாற்றாசிரியர்களிடமிருந்து ஆடம்பரம், கேளிக்கை பற்றிய பகுதிகளையே எடுத்தார். அதனால் அவர்கள் வம்பு எழுதியவர்கள்போல் தோன்றுகிறார்கள்.

ஃபீலிக்ஸ் யாக்கோபி 1923 முதல் வெளியிட்ட பெருந்தொகுப்பு, நூல் இழந்த 800க்கும் மேற்பட்ட கிரேக்க வரலாற்றாசிரியர்களுக்கு எண் கொடுத்து, ஒவ்வொருவரைப் பற்றியும் பிறர் சொன்னதையும் அவரே சொன்னதாகக் கிடைப்பதையும் தனித்தனியே அடுக்கியது. வசையையும் வாக்கையும் பிரித்து வைத்ததே பெரிய நியாயம்.

தமிழ்நாட்டோடு தொடர்புள்ள பண்டைய வரலாற்றாசிரியர் எவருக்காவது இப்படி நேர்ந்ததா?

மெகஸ்தனிஸுக்கு நேர்ந்தது. சந்திரகுப்த மௌரியரின் அவைக்கு வந்த கிரேக்கத் தூதர் அவர். அவருடைய இந்திய நூல் அழிந்துவிட்டது. 1846இல் பான் நகரில் ஷ்வான்பெக் துணுக்குகளைத் திரட்டிப் பதிப்பித்தார். யாக்கோபியின் தொகுப்பில் மெகஸ்தனிஸின் எண் 715. காதுகளைப் போர்த்திக்கொண்டு உறங்குவோர், வாயில்லா மனிதர் என்றெல்லாம் எழுதிய பொய்யர்களில் ஒருவராகக் கிரேக்கப் புவியியலாளர் ஸ்டிராபோ அவரைத் தள்ளினார். ஆனால் அதே மெகஸ்தனிஸை நம்பி எழுதிய வரலாற்றாசிரியர் அரியன், புராண வீரர் ஹெராக்ளிஸின் மகள் பாண்டையா ஆண்ட நாட்டைப் பற்றிச் சொல்கிறார்: தந்தை அளித்தவை 500 யானைகள், 4,000 குதிரைகள், 1,30,000 காலாட்கள், மகளை அணிசெய்யக் கடலில் தேடி எடுத்தது முத்து. இதைப் பாண்டிய நாட்டோடும் கொற்கை முத்தோடும் பலர் இணைத்துப் பார்க்கிறார்கள். ஸ்டிராபோவின் கையிலும் அரியனின் கையிலும் இருந்தது ஒரே நூல்.